தலைப்பெழுத்தின் விரிவு

இரண்டாம் ஆண்டு விலங்கியல் மாணவி

பெயர்ச்சொற்களை இடுகுறிப் பெயர் என்றும் காரணப் பெயர் என்றும் நன்னூல் பிரிப்பதைப் பள்ளியிலேயே படித்திருக்கிறோம். மனிதர்க்கு இடும் பெயர் இவ்விரண்டில் எதைச் சேரும்? முதலாண்டின் தொடக்கத்தில், வகுப்பில் ஒவ்வொருவராக எழுந்து பெயரையும் தலைப்பெழுத்தின் விரிவையும் கூறினோம். என் முறை வந்தபோது, 'கு' என்பது குமாரசாமி என்று சொல்லி அமர்ந்துவிட்டேன். என் தந்தையின் பெயர் குப்பன். 'குப்பனும் சுப்பனும்' என்று மேடையிலும் ஏட்டிலும் ஏளனமாகச் சொல்லக் கேட்டுக் கேட்டு அந்தப் பெயர் எனக்குக் கூச்சமாகிவிட்டது. அன்று சொன்ன பொய்யைத் திருத்தவே இக்கட்டுரையை எழுதப் புகுந்தேன். புகுந்த பின்புதான், என் தந்தையின் பெயருக்கு உலகெங்கும் உறவு இருப்பது தெரிய வந்தது.

பெயரிடும் முறை நாட்டுக்கு நாடு மாறும். கானா நாட்டின் அக்கான் மக்கள் பிறந்த கிழமையைப் பெயராக இடுவர். ஐக்கிய நாடுகள் சபையின் பொதுச் செயலாளராயிருந்த கோஃபி அன்னான் 1938இல் ஒரு வெள்ளிக்கிழமை பிறந்தவர். 'கோஃபி' என்பதன் பொருளும் அதுவே. ஐஸ்லாந்தில் பெரும்பாலோர்க்குக் குடும்பப் பெயர் கிடையாது. 1980இல் அந்நாட்டின் குடியரசுத் தலைவரான விக்டிஸ் ஃபின்போகாடோட்டிர் அம்மையாரின் பெயரில் பின்பாதிக்கு 'ஃபின்போகியின் மகள்' என்று பொருள். நம் தலைப்பெழுத்துக்கு இது தூரத்து உறவு எனலாம். இவையெல்லாம் கேட்க இனியவை. நான் தேடியதோ கேட்க இனிக்காத பெயர்களை.

என் அப்பாயியிடம் ஒருநாள், "அப்பாவுக்கு வைக்க ஊரில் வேறு பேரே கிடைக்கலையா அப்பாயி?" என்று கேட்டேன். வெற்றிலையை மென்றுகொண்டே அவர் சொன்னதைக் கேட்டபின் நெடுநேரம் எனக்குப் பேச்சு வரவில்லை. அப்பாவுக்கு முன் மூன்று பிள்ளைகள் பிறந்தனவாம். மூன்றுமே ஓராண்டைத் தாண்டவில்லை. நான்காவது பிறந்ததும் மருத்துவச்சி பிள்ளையை முறத்தில் ஏந்திப்போய்க் குப்பைமேட்டில் கிடத்தினாள். எதிர்வீட்டுக் கிழவி, யாரோ போட்ட பிள்ளையைக் கண்டெடுத்தவள் போலத் தூக்கி வந்தாள். அவளுக்கு ஒரு படி தவிடு அளந்து கொடுத்து, பெற்ற பிள்ளையை அப்பாயி விலைக்கு வாங்கிக்கொண்டார். "எமன் வந்து பாத்தா, இது குப்பையில கெடந்ததுதானே, இந்த வீட்டுப் புள்ளை இல்லையேன்னு போயிருவான்ல" என்றார். 'உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்' என்று நம் வீடுகளில் கேலி செய்வார்களே, அதை வெறும் விளையாட்டுப் பேச்சென்றே நான் எண்ணியிருந்தேன்.

வங்காளத்தில் தவிட்டுக்குப் பதில் நொய். 1889இல் பிறந்த குதிராம் போஸுக்கு முன் பிறந்த ஆண்பிள்ளைகள் தங்கவில்லை. ஆகவே அவரை மூன்று பிடி நொய்க்கு மூத்த அக்காவிடம் 'விற்றார்கள்'. 'குத்' என்றால் அங்கே நொய். பெயரும் அப்படியே அமைந்தது. எமனிடம் தப்பிய அவரை ஆங்கில அரசு விடவில்லை. 1908 ஆகஸ்டில், பதினெட்டு வயதில், தூக்குமேடை ஏறினார்.

மங்கோலியர் எமனைக் குழப்புவதில் நம்மையும் விஞ்சியவர்கள். பிள்ளைகளை அடுத்தடுத்துப் பறிகொடுத்த வீட்டில் 'எனெபிஷ்' என்று பெயரிடுவர். 'இதுவன்று' என்பது பொருள். 'தெர்பிஷ்' என்றால் 'அதுவன்று'. 'நெர்கூய்' என்றால் 'பெயரில்லை'. 'ஹூன்பிஷ்' என்றால் 'மனிதன் அல்லன்'! பிள்ளையைப் பறிக்க வரும் தீய ஆவி, யாரைக் கேட்பதென்று தெரியாமல் திரும்பிப் போகவேண்டும் என்பது எண்ணம். இன்னொன்று: மங்கோலியரும் நம்மைப்போலவே தந்தை பெயரின் முதலெழுத்தைத் தம் பெயருக்குமுன் இடுகிறார்கள். அங்கேயும் எந்த வகுப்பிலாவது எனெபிஷின் மகள் ஒருத்தி தலைப்பெழுத்தை விரிக்கத் தயங்கி நின்றிருப்பாளோ என்னவோ!

நைஜீரியாவின் யொரூபா மக்களோ ஏமாற்றுவதில்லை, கெஞ்சுகிறார்கள். பிறந்து பிறந்து இறக்கும் பிள்ளையை 'அபிகூ' என்பர். ஒரே பிள்ளைதான் திரும்பத் திரும்ப வந்து போகிறது என்பது அவர்கள் நம்பிக்கை. ஆகவே, 'மலோமோ' (இனிப் போகாதே), 'துரோஜாயியே' (இருந்து வாழ்வைத் துய்ப்பாய்) என்று பெயரிடுவர். 'கொசோக்கோ' என்றும் ஒரு பெயர் உண்டு. 'மண்வெட்டி இல்லை', அதாவது உனக்குக் குழி தோண்ட இனிக் கருவி இல்லை என்பது பொருள். 1845 முதல் 1851 வரை லாகோஸை ஆண்ட அரசரின் பெயரே கொசோக்கோதான்.

விலங்கியல் மாணவி என்ற முறையில் இங்கே ஒன்று சொல்லவேண்டும். இந்த அபிகூ நம்பிக்கையை அரிவாள் அணுச் சோகையோடு ஆய்வாளர் பலர் தொடர்புபடுத்துகிறார்கள். பெற்றோர் இருவரும் இந்நோய்க்குரிய மரபணுவை ஒற்றையாகச் சுமந்தால், ஒவ்வொரு பிறப்பிலும் குழந்தைக்கு நோய் வர நான்கில் ஒரு வாய்ப்பு உண்டு. ஒற்றையாகச் சுமப்பவரை மலேரியா எளிதில் கொல்வதில்லை. அதனாலேயே மலேரியா மிகுந்த மேற்கு ஆப்பிரிக்காவில் அம்மரபணு நிலைத்துவிட்டது. தாய்தந்தையர் நலமாயிருக்க, ஒரே வீட்டில் பிள்ளைகள் மட்டும் ஏன் மடிந்தன என்பதற்கு நம் பாடநூலில் விடை இருக்கிறது. அந்தத் தாய்க்கு அது எட்டவில்லை. பெயர் ஒன்றுதான் அவள் கையிலிருந்த மருந்து.

இவற்றோடு சேர்க்கக்கூடாத பெயர்களும் உண்டு. மகாராட்டிரத்தின் சதாரா மாவட்டத்தில் பெண்பிள்ளைகளுக்கு 'நகுசா', அதாவது 'வேண்டாதவள்', என்று பெயரிடும் வழக்கம் இருந்தது. 2011 அக்டோபரில் அங்கு 285 பெண்கள் ஒரே விழாவில் புதுப்பெயர் பெற்றார்கள். நம் பக்கத்து 'போதும்பொண்ணு'வும் 'வேண்டா'மும் அந்த இனமே. குப்பன் என்பதும் வேண்டாம் என்பதும் காதுக்கு ஒன்றுபோல் ஒலிக்கலாம். முன்னது பிள்ளை தங்கவேண்டும் என்று சொன்ன பொய். பின்னது பெண்ணே பிறந்திருக்க வேண்டாம் என்று சொன்ன மெய். இரண்டையும் ஒரே தட்டில் வைத்துச் சிரிப்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை.

1971இல் இந்தியாவில் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 129 ஓராண்டு நிறையுமுன் இறந்தன. 2020இல் அவ்வெண் 28. குப்பன்கள் அருகி வருவதற்கு நாகரிகம் மட்டும் காரணமன்று. தடுப்பூசிக்கும் அதில் பங்குண்டு. என் தம்பி மருத்துவமனையில் பிறந்தான். அவன் பெயரில் யாரையும் ஏமாற்றவேண்டிய தேவை இருக்கவில்லை.

அப்பா பள்ளிக்கூடம் போனதில்லை. அவருக்கு எழுதத் தெரிந்தது அவர் பெயர் ஒன்றுதான். இவ்வாண்டு உதவித்தொகை விண்ணப்பத்தில் பெற்றோர் கையொப்பம் கேட்டிருந்தார்கள். களத்துமேட்டில் அமர்ந்து, முழங்காலில் தாளை வைத்து எழுதினார். இரண்டாம் எழுத்துக்குப் புள்ளி விட்டுப்போயிற்று. நான் சொல்லுமுன் அவரே பார்த்துவிட்டு, பேனாவை மறுபடி வாங்கிப் புள்ளியை வைத்தார். அதன் கீழே, 'மாணவியின் பெயர்' என்ற இடத்தில், தலைப்பெழுத்தை விரித்தே எழுதினேன்.