டூம் குளிக்கலாம், வயர் குளிக்கக் கூடாது

கொலுவுக்கு இரண்டு வாரம் இருக்கும்போதே வீட்டைத் தலைகீழாகப் போட்டுத் துடைக்கிறவளா நீ? பரணிலிருந்து பொம்மைப் பெட்டியை இறக்குகிற வேகத்திலேயே ஹாலில் நிற்கிற கண்ணாடி டேபிள் லேம்பையும் தூக்கிச் சிங்க்கில் வைத்துவிடாதே. அக்கா சொல்வதைக் கேட்டுவிட்டுத் தொடு. இந்த மாதிரி அழகு விளக்குகளை அழுக்கு கெடுப்பது கொஞ்சம்தான். அவசரமாகக் கழுவுகிற கைதான் அதிகம் கெடுக்கிறது. அதிலும் கண்ணாடி பாவம், சோப்புத் தண்ணீரைத் தாராளமாகத் தாங்கும். தாங்காததெல்லாம் அதைச் சுற்றி இருக்கிறது: மேலே தீட்டிய பெயின்ட், இடையில் ஒட்டிய பசை, பித்தளைக் காம்பு, அதற்குள்ளே ஓடுகிற வயர்.

முதலில் நம் சென்னையில் விளக்கின்மேல் என்ன படிகிறது என்று பார். அடையாறு, பெசன்ட் நகர், சாந்தோம் பக்கம் குடியிருந்தால் கடல் காற்றோடு வருகிற உப்பு. கண்ணாடியில் மெல்லிய மங்கலாகத் தெரியும். பித்தளையில் பச்சை பூக்கும், இரும்புத் திருகில் துரு ஏறும். மயிலாப்பூர், மந்தைவெளி, தி. நகர் என்றால் மெட்ரோ இரண்டாம் கட்டப் பணி தொடங்கியதிலிருந்து புழுதிக்குக் கேட்கவே வேண்டாம். மாதவரத்திலிருந்து வருகிற பாதையும் கலங்கரை விளக்கத்திலிருந்து பனகல் பூங்கா வழியாகப் பூந்தமல்லி போகிற பாதையும் திருமயிலையில்தான் குறுக்கே சந்திக்கின்றன. சிமென்ட்டும் மணலும் கலந்த அந்தத் தூசியை உலர்ந்த துணியால் அழுத்தித் தேய்த்தால் கண்ணாடியில் கீறல் நிச்சயம். சமையலறையும் ஹாலும் ஒன்றாக இருக்கிற ஃபிளாட்டில் இதோடு தாளிப்புப் பிசுக்கு, சாம்பிராணிப் புகை வேறு. மழைக்காலத்தில் டூமுக்குள் ஈசல் இறகு, மேலே பல்லி எச்சம். எச்சத்தை நகத்தால் சுரண்டாதே. ஈரப் பஞ்சை அதன்மேல் ஐந்து நிமிடம் வைத்தால் தானாக ஊறிக் கழன்று வரும்.

துணியை எடுப்பதற்கு முன்னால் பிளக்கைப் பிடுங்கு. சுவிட்சை அணைத்தேனே என்று சொல்லாதே. நம் வீட்டு மின்சாரம் 230 வோல்ட். டேபிள் லேம்புகள் பலவற்றில் இருப்பது இரண்டு பின் பிளக். அதை எந்தப் பக்கமாகவும் சொருகலாம். வயரில் தொங்குகிற குட்டி சுவிட்ச் பெரும்பாலும் ஒரு கம்பியை மட்டும்தான் துண்டிக்கும். பிளக் தலைகீழாகப் போயிருந்தால் அது நியூட்ரலைத் துண்டித்துவிட்டு, ஃபேஸை ஹோல்டரிலேயே விட்டு வைக்கும். விளக்கு எரியாது, ஆனால் தொட்டால் அடிக்கும். திருகுகிற பல்பு போடும் ஹோல்டரில் வெளி மரைக்கே கரன்ட் வந்து நிற்கலாம். அதனால் பிளக் சுவரை விட்டு வெளியே வந்து உன் கண்ணுக்கு முன்னால் கிடக்க வேண்டும். பித்தளை, இரும்பு உடம்புள்ள விளக்கு என்றால் எர்த் கம்பியோடு மூன்று பின் பிளக் இருப்பதுதான் சரி. பழைய விளக்கில் இல்லையென்றால் எலெக்ட்ரீஷியனிடம் சொல்லி மாற்றிவிடு. காரைக்குடி பழம்பொருள் கடைகளில் கிடைக்கிற பழைய மண்ணெண்ணெய் விளக்குகளில் துளை போட்டு வயர் கோத்துக் கொடுப்பார்கள். பார்க்க மிக அழகு. ஆனால் அந்தத் துளையின் விளிம்பு வயரை அறுத்துக்கொண்டே இருக்கும். துடைக்கும்போதெல்லாம் அந்த இடத்தில் வயரின் தோல் உரிந்திருக்கிறதா என்று ஒரு பார்வை பார்த்துவிடு.

பிறகு ஆறவிடு. பழைய 60 வாட் குண்டு பல்பின் மேல்பரப்பு நூறு டிகிரியைத் தாண்டிச் சுடும்; டூமும் சேர்ந்து சூடாகியிருக்கும். அதன்மேல் ஈரத் துணி பட்டால் பட்டென்று விரிசல்தான். அடுப்பில் வைக்கிற போரோசிலிகேட் கண்ணாடியைவிடச் சாதாரணக் கண்ணாடி சூட்டுக்குக் கிட்டத்தட்ட மூன்று மடங்கு விரியும். அந்தக் கண்ணாடி தாங்குகிறதே என்று இதிலும் முயற்சி செய்யாதே. எல்இடி பல்புக்கு மாறிவிட்டால் இந்தப் பயம் பெருமளவு குறையும். உன் விளக்கில் இருப்பது குட்டி ஹாலஜன் பல்பு என்றால் வெறும் விரலால் தொடாதே. விரலின் எண்ணெய் பட்ட இடம் அதிகம் சூடேறி பல்பு சீக்கிரம் போய்விடும்.

இனி டூமைக் கழற்றலாம். பெரும்பாலான விளக்குகளில் மூன்று சின்னத் திருகுகள் பிடித்திருக்கும். ஒரு கையால் டூமைத் தாங்கிக்கொண்டு மூன்றையும் கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்த்து. ஒன்றை முழுக்கக் கழற்றிவிட்டு அடுத்ததற்குப் போனால் பாரம் ஒரு பக்கம் சாய்ந்து விளிம்பு தெறிக்கும். கையில் வந்ததும், மண்சட்டி வாங்கும்போது சுண்டிப் பார்ப்போமே, அது போல நகத்தால் லேசாகச் சுண்டு. கணீரென்றால் நல்லது. டப்பென்று மொக்கையாகக் கேட்டால் எங்கோ மயிரிழை விரிசல் இருக்கலாம். வெளிச்சத்தில் பிடித்துப் பார். விரிசல் தெரிந்தால் அதைக் கழுவவே வேண்டாம், மென்மையான பிரஷ்ஷால் தூசி தட்டுவதோடு நிறுத்திக்கொள்.

அடுத்து பெயின்ட் சோதனை. விளிம்பில் தங்க ரேகை, கையால் தீட்டிய பூ, விரலில் தட்டுப்படுகிற மேடு என்று ஏதாவது இருக்கிறதா? கண்ணில் படாத மூலையில் ஈரமான பட்ஸால் ஒரு முறை ஒற்றி எடு. பட்ஸில் நிறம் ஏறினால் தண்ணீர் கிட்டேயே போகாதே. பூ அழிந்தால் திரும்ப வராது.

நிறம் ஏறவில்லை, விரிசல் இல்லை, ஒரே கண்ணாடியாக ஊதிய டூம் என்றால் கவலையின்றிக் குளிப்பாட்டலாம். வளையலுக்குப் பெயர்போன ஃபிரோசாபாத்தில் விளக்குக் கண்ணாடிகளும் ஊதுகிறார்கள்; நம் கடைகளில் தொங்குகிற சாதாரண டூம்கள் அந்த வகைதான். ஸ்டீல் சிங்க் வேண்டாம், பிளாஸ்டிக் டப் எடுத்துக்கொள். அடியில் துண்டை இரண்டாக மடித்துப் போடு. கல் மோதிரத்தையும் வளையலையும் கழற்றி வை. வைரக் கல் கண்ணாடியை அறுக்கும், தெரியுமல்லவா? வெதுவெதுப்பான தண்ணீரில் பாத்திரம் கழுவுகிற லிக்விட் இரண்டு சொட்டுப் போதும். ஒரு நேரத்தில் ஒரு கண்ணாடிதான், இரண்டைச் சேர்த்துப் போட்டால் மோதிக்கொள்ளும். வரி வரியாக வெட்டு இருந்தால் பழைய ஷேவிங் பிரஷ்ஷைப் போல இடுக்குக்குள் போவது வேறில்லை. சபீனா, ஸ்டீல் ஸ்கிரப்பர், பாத்ரூம் ஆசிட் மூன்றும் இந்தப் பக்கமே வரக் கூடாது.

கடைசி அலசல் கேன் தண்ணீரில். இதைப் பலர் விட்டுவிடுகிறார்கள், அப்புறம் எவ்வளவு கழுவினாலும் வெள்ளைத் திட்டு போகவில்லை என்று புலம்புகிறார்கள். அந்தத் திட்டே நம் போர்த் தண்ணீரின் கால்சியம்தான். ஏற்கெனவே படிந்திருந்தால் வெள்ளை வினிகரும் தண்ணீரும் சரிபாதி கலந்து துணியில் நனைத்துப் பத்து நிமிடம் போர்த்தி வை, கரையும். ஆனால் தனியாகக் கழற்றிய வெறும் கண்ணாடிக்கு மட்டும்தான் இந்த வைத்தியம். துடைக்க அப்பாவின் பழைய வேட்டி போதும். பலமுறை துவைத்த அந்த மென்மை எந்தக் கடைத் துணிக்கும் வராது. பனி பிடித்தது போன்ற ஃப்ராஸ்டட் டூமில் மட்டும் கறை பட்ட இடத்தைத் தனியாகத் தேய்க்காமல் முழுசாகக் கழுவு, இல்லாவிட்டால் வட்டம் வட்டமாகத் தெரியும்.

பாட்டி காலத்தில் அரிக்கேன் சிம்னியை விபூதியும் செய்தித்தாளும் போட்டுத் துடைத்தார்களே என்பாய். சரிதான், கரி பிடித்த வெறும் சிம்னிக்கு அது போதும்; கீறல் விழுந்தாலும் வேறு சிம்னி வாங்கிக்கொள்ளலாம். வண்ணக் கண்ணாடிக்கு அந்தப் பக்குவம் ஆகாது.

வண்ணத் துண்டுகளை ஈயத்தில் கோத்த விளக்கு வைத்திருக்கிறவர்கள் இதை நிறுத்திப் படியுங்கள். டிஃபானி விளக்கு என்று விற்கிறார்களே, அதுதான். நியூயார்க்கில் லூயிஸ் கம்ஃபர்ட் டிஃபானியின் பட்டறையில் பிறந்த பாணி. தும்பி விளக்கு போன்ற புகழ்பெற்ற வடிவங்கள் பலவும் அங்கே பெண்கள் பிரிவை நடத்திய கிளாரா டிரிஸ்காலின் கைவண்ணம் என்பதை 2007-ல் நியூயார்க்கில் நடந்த கண்காட்சிதான் ஊரறியச் சொன்னது. பேர் முதலாளிக்கு, வேலை யாருக்கோ! போகட்டும். இந்த விளக்கைத் தண்ணீரில் முக்கவே கூடாது. துண்டுகளைப் பிடித்திருக்கிற பசை ஈரத்தில் விட்டுப்போகும். வினிகர், எலுமிச்சை இரண்டும் ஈயத்தை அரிக்கும். பிழிந்த துணியால் ஒவ்வொரு துண்டாக, ஈயக் கோட்டைத் தேய்க்காமல் துடை. கோடுகளில் வெள்ளைப் பொடி பூத்திருந்தால் அது ஈயத்தின் உப்பு, விஷம். உலர்ந்த பிரஷ்ஷால் தட்டிப் பறக்கவிடாதே. கையுறை போட்டு ஈரத் துணியால் ஒற்றி எடுத்து, அந்தத் துணியைத் தூக்கிப் போடு. கையைச் சோப்புப் போட்டுக் கழுவு. குழந்தைகளைக் கிட்டே விடாதே. பொருட்காட்சியில் வாங்குகிற துருக்கி மொசைக் விளக்குக்கும் பிழிந்த துணிதான், துண்டுகளுக்கு இடையே இருக்கிற சாந்து ஊறினால் உதிரும்.

பித்தளைக்கு வருவோம். புளியையும் பீதாம்பரியையும் எடுத்துக்கொண்டு ஓடாதே. இரண்டு மூன்று வருடமாகத் தேய்க்காமலேயே பளபளவென்று இருக்கிறதா? அப்படியானால் மேலே லாக்கர் பூச்சு இருக்கிறது. புளி பட்டால் பூச்சு திட்டுத் திட்டாக உரிந்து சொறி பிடித்த மாதிரி ஆகிவிடும். அதற்கு ஈரத் துணி, உடனே உலர்ந்த துணி, அவ்வளவுதான். பூச்சில்லாத பித்தளையைப் புளியில் தேய்க்கலாம், ஆனால் வயரும் ஹோல்டரும் கழன்று தனியாக இருந்தால் மட்டும். உப்பும் புளியும் இடுக்கில் தங்கினால் ஒரே மழைக்காலத்தில் பச்சை பிடிக்கும்.

கண்ணாடிக்கு அடிக்கிற ஸ்பிரேயை நேராக விளக்கின்மேல் அடிக்காதே. அது வழிந்து ஹோல்டருக்குள்ளும் பித்தளை இடுக்கிலும் இறங்கும். லேபிளில் அமோனியா என்று போட்டிருந்தால் வாங்கவே வாங்காதே. பித்தளைக்கும் அமோனியாவுக்கும் உள்ள பகை இந்தியாவில்தான் பெரிதாக வெளிப்பட்டது. ஆங்கிலேய ராணுவம் குதிரை லாயங்களில் சேமித்து வைத்த பித்தளைத் தோட்டா உறைகள் மழைக்காலத்தில் தாமாகவே வெடிப்பு விட்டன. குதிரை மூத்திரத்திலிருந்து கிளம்பிய அமோனியாதான் காரணம் என்று 1921-ல் விளக்கம் கிடைத்தது. ஒரு முறை ஸ்பிரே அடித்தால் உன் விளக்குக் காம்பு பிளந்துவிடாது. நிறம் கறுக்கும், வருடக்கணக்கில் தொடர்ந்தால் நல்லதற்கில்லை. ஸ்பிரேயைத் துணியில் அடித்து, அந்தத் துணியால் கண்ணாடியை மட்டும் துடை.

எல்லாம் முடிந்ததும் ஃபேன் காற்றில் ஒரு நாள் முழுக்க வை. ஐப்பசி, கார்த்திகையில் ஈரம் லேசில் காயாது; அதனாலேயே பெரிய குளியலை நவராத்திரிக்கு முன்னால் ஒன்று, போகிப் புகை அடங்கியபின் ஒன்று என்று வைத்துக்கொள்வது நல்லது. நடுவில் வாரம் ஒரு முறை மேலிருந்து கீழாக பிரஷ்ஷால் தட்டினால் போதும். டூமைத் திரும்ப மாட்டும்போது திருகுகளை இறுக்காதே. டூம் விழாமல், ஆனால் விரலால் தொட்டால் ஒரு நூலளவு அசைகிற மாதிரி இருக்கட்டும். விளக்கு எரிந்து பித்தளையும் கண்ணாடியும் விரியும்போது இடம் வேண்டும். இறுக்கிய டூம்தான் நடுராத்திரியில் தானாக விரிசல் விடும். உலர்ந்த கையோடு பிளக்கைச் சொருகு.

ஒருவேளை கைதவறி உடைந்தே போனால் மனசு விட்டுவிடாதே, செருப்பைப் போட்டுக்கொண்டு பெருக்கு. பொடித் தூளை ஈரக் காகிதத்தால் ஒற்றி எடு. ஆனால் அந்தத் துண்டுகளைக் குப்பைக் கவரில் மற்றதோடு கலந்து கட்டிப் போடாதே. கெட்டியான அட்டைப் பெட்டியில் வைத்து ஒட்டி, மேலே ‘உடைந்த கண்ணாடி’ என்று பெரிதாக எழுதி, காலையில் வருகிற தூய்மைப் பணியாளரிடம் சொல்லிவிட்டுக் கொடு. அவர் கையால்தான் பிரிப்பார்.