அப்பீலில் ராஜி

கீழ்க் கோர்ட்டில் தீர்ப்பாகிவிட்ட பண வழக்கில் இனி ராஜி பேசலாமா என்பது அங்கத்தினர் பலருக்கு எழும் ஐயம். தாராளமாகப் பேசலாம். விசாரணைக் கோர்ட்டுக்குள்ள அதிகாரம் அப்பீல் கோர்ட்டுக்கும் உண்டென்று 1908 ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டம் 107 ஆம் பிரிவு கூறுகிறது. ஆனால் ராஜி பேசுவது ஒன்று. அதைக் கோர்ட்டில் பதிவது வேறொன்று. நம்மவர் இடறுவது இரண்டாவதில்தான்.

தீர்த்தமலைப் பக்கத்து விவசாயி ஒருவர்மீது புரோநோட்டுக் கடனுக்காக ரூ. 2,00,000க்கு டிக்ரி ஆகியிருக்கிறதென்று வைத்துக்கொள்வோம். தர்மபுரி மாவட்டக் கோர்ட்டில் அவர் அப்பீல் செய்கிறார். இடையில் ஊர்ப் பெரியவர்கள் கூடி ரூ. 1,50,000 என்று முடித்துவைக்கிறார்கள், உடனே ரூ. 50,000, மரவள்ளி அறுவடையானதும் மீதி. அவரும் முதல் தொகையைக் கையில் கொடுத்துவிட்டு, இனி வழக்கெதற்கு என்று அப்பீலை வாபஸ் வாங்கிவிடுகிறார்.

இது பெருந்தவறு. அப்பீல் வாபஸானால் கீழ்க் கோர்ட்டு டிக்ரி முழுத் தொகைக்கும் உயிரோடு நிற்கும். அதை நிறைவேற்றக் கோர 12 ஆண்டு அவகாசம் உண்டு. கோர்ட்டுக்கு வெளியே பெற்ற பணத்தை டிக்ரிதாரர் கோர்ட்டில் தெரிவிக்க வேண்டும்; அவர் தெரிவிக்காவிடில், கொடுத்தவர் 30 நாட்களுக்குள் மனுச் செய்து பதிய வேண்டும். பதியாத தொகையை நிறைவேற்றும் கோர்ட்டு ஏற்காது. பணமும் போய், நிலமும் ஜப்திக்கு வரக்கூடும். எதிராளி நாணயமானவராகவே இருக்கலாம். அவர் காலமானால் அவருடைய வாரிசுகளுக்குத் திண்ணைப் பேச்சு தெரியுமா?

ஆகவே போட வேண்டியது வாபஸ் மனுவல்ல, ராஜி மனு. 1976 ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி ராஜி எழுத்தில் இருக்க வேண்டும். கட்சிக்காரர்கள் கையொப்பமிட வேண்டும். தொகை, தவணைத் தேதி, வட்டி, செலவுத் தொகை யாவும் அதில் வரவேண்டும். தவணை தவறினால் என்ன ஆகும் என்பதை எழுதப் பலரும் கூச்சப்படுகிறார்கள். பிறகு சண்டை முளைப்பதும் அங்கேதான். ராஜி சட்டப்படியானதென்று கண்டால் கோர்ட்டு அதன்படியே டிக்ரி வழங்கும். பழைய டிக்ரியின் இடத்தில் அதுவே நிற்கும். சம்மதத்தின்மேல் ஆன டிக்ரிக்கு அப்பீல் இல்லை. அதை ரத்துச் செய்யத் தனி வழக்கும் போட முடியாது. ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்று சொல்வோரும் ராஜியைப் பதிந்த கோர்ட்டிடமே முறையிட வேண்டும். வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டபின் கையொப்பமிடுங்கள்.

(சங்கத்திற்கும் அங்கத்தினருக்கும் இடையே சங்க அலுவல் பற்றி எழும் தகராறு இவ்வழியில் வராது. 1983 ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின் 90 ஆம் பிரிவுப்படி அது பதிவாளரிடம் செல்லும்.)

கட்டிய கோர்ட்டுக் கட்டணம் என்னவாகும்? 1955 ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுக் கோர்ட்டுக் கட்டணச் சட்டத்தில் 69-அ பிரிவு அதைத் திருப்பித்தர வழி செய்கிறது. கோர்ட்டே சமரசத்திற்கு அனுப்பிய வழக்குகளுக்கு மட்டுமே இச்சலுகை என்று அலுவலகத்தார் பொருள்கொண்டனர். அப்பீல் நடக்கையில் தாமாகவே கூடிப் பேசி முடித்துக்கொண்டவர்களுக்கும் அது உண்டென்று சென்னை உயர் நீதிமன்றம் 2020 ஜனவரியில் தீர்ப்பளித்தது. அதை எதிர்த்து நீதிமன்ற நிர்வாகமே உச்ச நீதிமன்றம் சென்றது. நீதிபதிகள் மோகன் சாந்தனகவுடர், வினீத் சரண் ஆகியோர் 17-2-2021இல் அம்மனுவைத் தள்ளினர். கட்டணத்தைத் திரும்பப் பெறும் கோரிக்கையையும் ராஜி மனுவோடு சேர்த்து எழுதும்படி வக்கீலிடம் சொல்லுங்கள்.