ஒரு நீளமும் இரு கோணங்களும்

1802ஆம் ஆண்டு ஏப்ரல் 10ஆம் நாள், சென்னைப் பரங்கிமலைப் பகுதியில் வில்லியம் லாம்டன் நூறடி எஃகுச் சங்கிலியால் நிலத்தை அளக்கத் தொடங்கினார். இந்தியாவின் மாபெரும் முக்கோணவியல் நில அளவைக்கு அதுவே அடிக்கோடு. அதன் நீளம் ஏறத்தாழ ஏழரை மைல்; அதாவது 12 கிலோமீட்டர். அதனை அளந்து முடிக்க 57 நாள்கள் ஆயின. வெயிலில் எஃகு நீளுமாதலால் வெப்பநிலையையும் குறித்துக்கொண்டு அளவைத் திருத்த வேண்டியிருந்தது. இவ்வாறே நாடு முழுவதும் சங்கிலி பிடிப்பது இயலுமா? ஆறும் காடும் மலையும் குறுக்கிடுமே!

கோணத்தை அளக்க அவ்விடத்திற்குச் செல்ல வேண்டுவதில்லை. கண்ணுக்குத் தெரிந்தால் போதும். செங்கோண முக்கோணத்தில் ஒரு குறுங்கோணம் மாறாதிருந்தால், முக்கோணம் கையகலமாயினும் காதவழி நீண்டதாயினும் பக்கங்களின் விகிதம் மாறாது. எதிர்ப்பக்கத்தைக் கர்ணத்தால் வகுத்தால் சைன்; அடுத்துள்ள பக்கத்தால் வகுத்தால் டேன்ஜெண்ட்.

12 கிலோமீட்டர் அடிக்கோட்டின் இரு முனைகளிலிருந்தும் தொலைவிலுள்ள ஒரு குன்றை நோக்குவதாகக் கொள்வோம். அடிக்கோட்டோடு அமையும் கோணங்கள் 60°, 45°. இது செங்கோண முக்கோணம் அன்று. ஆயினும் குன்றிலிருந்து அடிக்கோட்டிற்குச் செங்குத்துக்கோடு வரைந்தால் இரண்டு செங்கோண முக்கோணங்கள் கிடைக்கின்றன. செங்குத்தின் நீளம் 'உ' எனில், அடிக்கோட்டின் ஒரு பகுதி உ ÷ டேன் 60°. மற்றது உ ÷ டேன் 45°.

உ ÷ 1.732 + உ ÷ 1 = 12
1.577 உ = 12
உ = 7.61 கி.மீ.

60° முனையிலிருந்து குன்றின் தொலைவு 7.61 ÷ சைன் 60° = 8.79 கி.மீ. மற்ற முனையிலிருந்து 7.61 ÷ சைன் 45° = 10.76 கி.மீ. யாரும் நடந்து அளக்காத இவ்விரு பக்கங்களும் அடுத்த முக்கோணங்களுக்கு அடிக்கோடுகள் ஆகின்றன.

இம்முறையில் இடரும் உண்டு. கோணத்தில் ஒரு பாகையின் அறுபதில் ஒரு பங்கு பிழைத்தாலும், பத்துக் கிலோமீட்டருக்கு அப்பால் ஏறத்தாழ மூன்று மீட்டர் விலகிவிடும். அப்பிழை அடுத்தடுத்த முக்கோணங்களுக்கும் பரவும். ஆகவே 1804இல் பெங்களூருக்கு அருகே மற்றொரு கோட்டைச் சங்கிலியால் அளந்து சரிபார்த்தனர். கணக்கிட்ட நீளத்திற்கும் அளந்த நீளத்திற்கும் இடையே சில அங்குலங்களே வேறுபாடு.

கோணம் அளந்த தியோடலைட்டின் எடை ஏறத்தாழ அரை டன். சமவெளியில் குன்றுகள் இல்லாத இடத்து அதனைக் கோயில் கோபுரங்களின்மேல் ஏற்றினர். 1808இல் தஞ்சைப் பெரிய கோயிலில் அவ்வாறு ஏற்றுகையில் கயிறு அறுந்து, கருவி மோதிச் சிதைந்தது. கோண அளவுகள் பொறித்த அதன் வட்டம் வளைந்துபோயிற்று. லாம்டன் பல வாரங்கள் உழைத்து அவ்வட்டத்தைச் சீர்செய்தார். அதே கருவியால் அளவைப் பணி தொடர்ந்தது.