விடியும்வரை காத்திராதீர்கள்

கேள்வி: குழந்தைக்குக் காய்ச்சல் வந்தாலே மூளைக்காய்ச்சலோ என்று நெஞ்சம் பதறுகிறது. அடையாளம் என்ன? முதுகில் ஊசி குத்தினால் கால் முடங்குமாமே, மெய்தானா?
— ஒரு தாய், பலமனேர்

பதில்: அம்மா, மூளையையும் தண்டுவடத்தையும் போர்த்தியிருக்கும் மெல்லிய சவ்வு, கிருமிகளின் பிரவேசத்தால் அழற்சியுற்று வீங்குவதே இவ்வியாதி. பெரிய பிள்ளைகளுக்குக் கழுத்து விறைத்து, முகவாய் மார்பைத் தொடாது போகும். கைக்குழந்தைக்கோ அது தோன்றாமலே இருக்கலாமாகையால், காய்ச்சலோடு பால் மறுத்தல், ஓயாத வாந்தி, மார்போடு அணைத்தாலும் அடங்காத வீறிட்ட அழுகை, எழுப்பினாலும் தெளியாத மயக்கம், வலிப்பு ஆகியவற்றுள் எது கண்டாலும், அழாதிருக்கையில் நிமிர்த்திப் பிடித்துத் தடவும்போது உச்சிக்குழி விரல்நுனிக்குப் புடைத்துத் தட்டுப்பட்டாலும், மந்திரிப்பதற்கோ விடியட்டும் என்பதற்கோ நேரம் கொடாமல், 108-ஐ அழைத்தேனும் உள்ளூர் ஆஸ்பத்திரிக்கும், அவர்கள் அனுப்பினால் மலைச்சாலை இறங்கிச் சித்தூருக்கோ வேலூருக்கோ உடனே செல்லுங்கள்.

தண்டுவடம் முடியும் இடத்துக்குக் கீழேதான் அந்த ஊசி குத்தப்படுகிறதாதலால், கால் முடங்கும் என்ற பயம் வேண்டாம். எந்தக் கிருமி என்பதை அந்த ஊசியால் எடுக்கும் தண்டுவட நீரே காட்டிக்கொடுக்கும்.

இவ்வியாதியைத் தடுக்கப் பிறந்தவுடன் இடும் பி.சி.ஜி.யும், 2011-இல் தமிழகமும் கேரளமும் அரசுத் திட்டத்தில் முதன்முதலாகத் தொடங்கிய பென்டாவேலன்ட் தடுப்பூசியும் பெரும் ரட்சை. 6, 10, 14-ஆம் வாரத் தவணைகளைத் தவறவிடாதீர்கள்.