பெயரைத் தேடாதீர்கள், பூர்வீகத்தைத் தேடுங்கள்

பழைய கார் வைத்துக்கொண்டு வீட்டிலேயே பராமரிக்க நினைப்பவர்கள் பலரும் சொல்லும் குறை ஒன்று உண்டு: "இந்த வண்டிக்குப் புத்தகமே கிடைக்கவில்லை." அம்பாசடர் ரிப்பேர் மேனுவல் என்று தேடினால் வண்டியோடு கொடுத்த சின்னக் கையேடு வரும், இல்லாவிட்டால் நகலுக்கு நகல் எடுத்து எழுத்து மங்கிப்போன சில பக்கங்கள் வரும். அதோடு தேடலை விட்டுவிடுகிறார்கள். ஆனால் என் அனுபவத்தில், புத்தகமே இல்லாத கார் அபூர்வம். தேடுகிற பெயர்தான் தவறு. நம் சாலைகளில் ஓடிய பழைய கார்களில் பலவும் இங்கே பெயர் சூட்டப்பட்டவை, வேறு ஊரில் பிறந்தவை. முகப்பில் ஒட்டியிருக்கும் பெயரை விட்டுவிட்டு எஞ்சினும் பாடியும் எங்கிருந்து வந்தன என்று கேட்டால், தேவையான புத்தகங்கள் ஒவ்வொன்றாக வரத் தொடங்கும்.

அம்பாசடரையே எடுத்துக்கொள்வோம். 1950களின் இறுதியில் தொடங்கி 2014 வரை மேற்கு வங்கத்தின் உத்தரபாராவில் தயாரான இந்த வண்டியின் மூலம், இங்கிலாந்தின் மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு சீரிஸ் 3. அதில் நெடுங்காலம் இருந்த 1489 சி.சி. பெட்ரோல் எஞ்சின், பி.எம்.சி. நிறுவனத்தின் பி-சீரிஸ் குடும்பத்தைச் சேர்ந்தது. எம்.ஜி.ஏ. ஸ்போர்ட்ஸ் காரிலும் அதே எஞ்சின்தான். எம்.ஜி. கார்களுக்கு உலகெங்கும் ரசிகர்கள் இருப்பதால் அவற்றின் ஒர்க்‌ஷாப் மேனுவல்கள் மறுபதிப்பாகவே கிடைக்கின்றன. ஆனால் 1990களில் வந்த அம்பாசடர் 1800 ஐ.எஸ்.இசட். வண்டியில் இருப்பது ஜப்பானின் இசுசு எஞ்சின். அந்த எஞ்சினுக்கு பி-சீரிஸ் புத்தகம் உதவாது. கான்டெஸா கார் இன்னும் நல்ல உதாரணம். அதன் பாடி பிரிட்டனின் வாக்ஸ்ஹால் வி.எக்ஸ். வழி வந்தது, தொடக்க கால வண்டிகளின் எஞ்சின் அம்பாசடரின் அதே 1489 சி.சி.; பிறகு வந்தவற்றில் இசுசு. ஒரே பெயருள்ள இரண்டு கார்களுக்கு எஞ்சின் புத்தகம் வெவ்வேறு. சென்னையில் தயாரான ஸ்டாண்டர்டு ஹெரால்டுக்கு ட்ரயம்ஃப் ஹெரால்டு புத்தகம், பிரீமியர் பத்மினிக்கு ஃபியட் 1100டி புத்தகம் என்று மற்றவற்றுக்கும் இப்படியே பூர்வீகம் சொல்லலாம்.

பூர்வீகம் தெரிந்த பிறகும் ஒரே புத்தகத்தில் எல்லாம் இருக்கும் என்று எதிர்பார்க்கக் கூடாது. ஓட்டுநர் கையேடு, எந்த இடத்தில் எத்தனை நாளுக்கு ஒருமுறை ஆயில், கிரீஸ் போடுவது என்பதைச் சொல்லும். கம்பெனியின் ஒர்க்‌ஷாப் மேனுவல் பிரிப்பதையும் பூட்டுவதையும் சொல்லும். ஆனால் அது பயிற்சி பெற்ற மெக்கானிக்குக்காக எழுதியது. பி.எம்.சி. புத்தகங்களில் பல இடங்களில் 18ஜி என்று தொடங்கும் எண்ணுள்ள சிறப்புக் கருவியை மாட்டிக் கழற்று என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். அந்த இடத்தில் கைகொடுப்பவை ஹேன்ஸ் போன்ற பதிப்பகங்கள் வீட்டுப் பயன்பாட்டுக்கு வெளியிட்டவை. 1966-இல் தொடங்கிய ஹேன்ஸ் மேனுவல் வரிசை, ஒரு காரைப் பிரித்துப் பூட்டிப் பார்த்துப் படமெடுத்து எழுதும் முறைக்குப் பெயர்பெற்றது. பலரும் கண்டுகொள்ளாத இன்னொரு புத்தகம் பார்ட்ஸ் கேட்டலாக். ஒவ்வொரு பாகத்தையும் தனித்தனியே விரித்து வரைந்திருப்பதால், எந்த வாஷர் முதலில், எந்த ஸ்பிரிங் அடுத்து என்பது அந்தப் படத்திலேயே தெரிந்துவிடும். சென்னை புதுப்பேட்டையின் பார்ட்ஸ் கடைகளில் "அந்த முன்வீல்ல இருக்கிற ரப்பர்" என்று கையால் விளக்குவதைவிட, படத்தையும் பார்ட் நம்பரையும் காட்டிக் கேட்பது எவ்வளவோ மேல். மேனுவல், கேட்டலாக் ஆகிய இரண்டில் ஒன்றைத்தான் முதலில் வாங்க முடியும் என்றால் ஒர்க்‌ஷாப் மேனுவலை வாங்குங்கள்; அதற்கு அடுத்து கேட்டலாக்.

"கைப்பழக்கம் உள்ள மெக்கானிக் இருக்கும்போது புத்தகம் எதற்கு?" என்பது நியாயமான கேள்வி. சத்தத்தை வைத்தே கோளாறைச் சொல்லும் காதுக்கு ஈடாக எந்தப் புத்தகமும் இல்லை. ஆனால் அந்த வண்டிகளோடு வளர்ந்த மெக்கானிக்குகள் குறைந்துகொண்டே வருகிறார்கள். தவிர, வீட்டில் செய்கிற நமக்கு வேண்டியது வரிசையும் அளவும். பி-சீரிஸ் எஞ்சினில் டேப்பட் அட்ஜஸ்ட் செய்வதைப் பாருங்கள். வால்வுகள் எட்டு. எட்டாவது வால்வு முழுதாகத் திறந்திருக்கும்போது முதல் வால்வின் இடைவெளியை ஃபீலர் கேஜ் வைத்துச் சரிசெய்ய வேண்டும். ஆறாவது திறந்திருக்கும்போது மூன்றாவதை. இரண்டு எண்களையும் கூட்டினால் எப்போதும் ஒன்பது. இதைப் புத்தகத்தில் ஒருமுறை பார்த்துக்கொண்டால் முதல் தடவை செய்பவரும் தடுமாறாமல் செய்துவிடலாம். வீடியோ பார்த்தால் போதாதா என்றால், கை எப்படி அசைகிறது என்பதற்கு வீடியோ நல்லது. இறுக்க வேண்டிய அளவுக்கு அது நம்பத்தக்கதல்ல. படத்தில் இருப்பது எந்த எஞ்சின் என்பதே பல நேரம் தெரியாது.

"வெளிநாட்டுப் புத்தகம் நம் வண்டிக்கு அப்படியே பொருந்துமா?" என்பது இதைவிட வலுவான ஆட்சேபம். அப்படியே பொருந்தாது. எம்.ஜி.ஏ.வில் கார்பரேட்டர் இரண்டு, அம்பாசடரில் ஒன்று. எனவே ட்யூனிங் எண்களை எம்.ஜி. புத்தகத்திலிருந்து எடுக்கக் கூடாது, ஆக்ஸ்ஃபோர்டு புத்தகத்திலிருந்துதான் எடுக்க வேண்டும். பிரிக்கும் வரிசைக்கு எம்.ஜி. புத்தகம் தாராளமாகப் போதும். ஹெரால்டு மார்க் 3-இன் நான்கு கதவு பாடி இங்கே மட்டும் வந்தது. ட்ரயம்ஃப் புத்தகத்தில் பின்கதவைத் தேடிப் பயனில்லை. வயரிங்கில்தான் அதிக எச்சரிக்கை வேண்டும். லூகாஸ் வண்ண முறையில் பழுப்பு பேட்டரியிலிருந்து நேராக வருவது, வெள்ளை சாவி போட்டால் உயிர்பெறுவது, பச்சை அதிலிருந்து ஃபியூஸ் வழியாகப் போவது, கறுப்பு எர்த். ஆனால் பல கைகள் மாறிய வண்டியில் யாரோ கிடைத்த வயரைப் போட்டிருப்பார்கள். டெஸ்ட் லேம்ப் வைத்துப் பார்க்காமல் வண்ணத்தை நம்பக் கூடாது. 1950களின் பிரிட்டிஷ் கார்கள் பலவும் பாசிட்டிவ் எர்த் முறையில் வந்தவை. புத்தகத்தின் வரைபடம் எந்த முறை, உங்கள் வண்டியில் இப்போது இருப்பது எந்த முறை என்று பார்க்காமல் எலெக்ட்ரானிக் சாதனம் எதையும் இணைக்க வேண்டாம்.

அளவுகளும் இப்படித்தான். பிரிட்டிஷ் புத்தகம் பவுண்டு-அடி என்று சொல்லும், ஃபியட் புத்தகம் கிலோகிராம்-மீட்டர் என்று சொல்லும், இன்று கடையில் வாங்கும் டார்க் ரெஞ்ச் நியூட்டன்-மீட்டரில் இருக்கும். 50 பவுண்டு-அடி என்பது ஏறத்தாழ 68 நியூட்டன்-மீட்டர். அலகைக் கவனிக்காமல் ரெஞ்ச்சில் 50 வைத்தால் போல்ட் தளர்வாகவே நிற்கும். அரை அங்குல போல்ட் தலை 12.7 மில்லிமீட்டர். 13-ஆம் நம்பர் ஸ்பேனர் அதில் மாட்டும், ஆனால் இறுகிப்போன போல்ட்டில் முனையை வழித்துவிடும்.

காலாவதியான புத்தகம் என்ற வாதத்திலும் ஓரளவு உண்மை இருக்கிறது. அந்தப் புத்தகங்கள் வந்த காலத்தின் ஈயம் கலந்த பெட்ரோல் இந்தியாவில் 2000-இல் நின்றது. இப்போது 20 சதவீதம் எத்தனால் கலந்த பெட்ரோல் பங்க்குகளில் வருகிறது. பழைய ரப்பர் குழாய்களையும் பெட்ரோல் பம்ப்பின் டயஃப்ரத்தையும் எத்தனால் கெடுக்கக்கூடும் என்பதை 1950களின் புத்தகம் சொல்லாது. ஆனால் பெட்ரோல் படும் ரப்பர் எங்கெங்கே இருக்கிறது என்பதைக் கேட்டலாக் காட்டிவிடும். பிராண்ட் பெயர் மறைந்துபோன ஆயிலுக்கும் இதே வழிதான்: பெயரை விட்டுவிட்டு, புத்தகம் சொல்லும் தடிமனைப் பார்த்து இன்றைய நிகரை வாங்கலாம்.

வாங்கும் முன் எஞ்சின் நம்பரையும் சேசிஸ் நம்பரையும் குறித்துக்கொள்ளுங்கள். புத்தகம் எந்த மாடலுக்கு, எந்த ஆண்டுகளுக்கு என்று முதல் பக்கத்தில் இருக்கும். டிஜிட்டல் பிரதி என்றால் வயரிங் வரைபடம், அளவு அட்டவணை ஆகிய இரண்டு பக்கங்களும் தெளிவாக இருக்கின்றனவா என்று பார்த்த பிறகே பணம் கொடுங்கள். மங்கலாகிப்போவது பெரும்பாலும் அவைதான். வேலை செய்யும்போது வண்டிக்கும் புத்தகத்துக்கும் வேறுபாடு கண்ட ஒவ்வொரு இடத்திலும் பக்க ஓரத்தில் எழுதி வையுங்கள். இங்கே செய்யப்பட்ட மாற்றங்கள் அந்தப் புத்தகங்களில் இல்லை. உங்கள் குறிப்புகள் சேரச் சேர, அந்த அம்பாசடருக்கோ பத்மினிக்கோ சரியாகப் பொருந்தும் மேனுவல் அதுவாகவே ஆகிவிடும். வண்டியை அடுத்து வாங்குபவருக்குச் சாவியோடு அதையும் கொடுக்கலாம்.