டி.எஸ்.எச். கொஞ்சம் ஏறியிருக்கிறதா? மாத்திரைக்கு முன் செய்ய வேண்டியவை

மாஸ்டர் ஹெல்த் செக்கப் முடித்து வருபவர்களின் ரிப்போர்ட்டில் அடிக்கடி கண்ணில் படும் வரி இது: டி.எஸ்.எச். 6.2, பக்கத்தில் தடித்த எழுத்தில் ‘ஹை’. அதற்கு மேலேயோ கீழேயோ ஃப்ரீ டி4 1.1 என்று இருக்கும். அதன் பக்கத்தில் எந்தக் குறியும் இருக்காது. வீட்டில் எல்லோர் கண்ணும் அந்த ‘ஹை’ மீதுதான். “தைராய்டு வந்துடுச்சு” என்ற பேச்சு அன்றைக்கே உறவுக்காரர்கள் வரை போய்விடுகிறது. அடுத்த வாரம் மாத்திரை தொடங்கிவிடுகிறது. தொடங்கிய பிறகு அதை நிறுத்திப் பார்க்க யாருக்கும் துணிச்சல் வருவதில்லை.

இந்த நிலையில் இருக்கும் பலருக்கு மாத்திரை தேவையில்லை. சிலருக்கு ஒரு நாள்கூடத் தள்ளிப்போடக் கூடாது. நீங்கள் எந்தப் பக்கம் என்று தெரிந்துகொள்வதற்கு ஒரு வரிசை இருக்கிறது.

முதலில் இரண்டு எண்களையும் சேர்த்துப் படியுங்கள்

டி.எஸ்.எச். தைராய்டு சுரப்பியில் உருவாவதில்லை. மூளையின் அடியில் இருக்கும் பிட்யூட்டரி சுரப்பி அதை அனுப்புகிறது. கொத்தனார் சுணங்கினால் மேஸ்திரியின் குரல் உயர்வதுபோல, தைராய்டு ஹார்மோன் சற்றுக் குறையும்போது டி.எஸ்.எச். உயர்கிறது. டி.எஸ்.எச். உயர்ந்து, டி4 அளவும் குறைந்திருந்தால் அது முழுமையான தைராய்டு குறைபாடு. அதற்கு மாத்திரை வேண்டும், விவாதமே இல்லை. டி.எஸ்.எச். மட்டும் 4 அல்லது 4.5 என்ற வரம்பைத் தாண்டி, டி4 சரியாக இருந்தால் அது லேசான குறைபாடு. இந்தக் கட்டுரை இவர்களுக்கானது.

அடுத்து, பரிசோதனையைத் திரும்ப எடுங்கள்

இரண்டு மூன்று மாதம் கழித்து மறுபடி ரத்தம் கொடுங்கள். லேசாக ஏறிய டி.எஸ்.எச். மறுமுறை பார்க்கும்போது தானாகவே இறங்கியிருப்பது மிகச் சாதாரணம். கடுமையான காய்ச்சலிலிருந்து உடம்பு தேறிவரும்போது அது கொஞ்ச காலம் ஏறி நிற்கும். பிரசவமான முதல் வருடத்திலும் ஏறி இறங்கலாம். ஒரே நாளிலேயே அது மாறக்கூடியது: இரவில் உச்சத்தில் இருக்கும், பகல் ஏற ஏறக் குறையும். காலை ஏழு மணிக்குக் கொடுத்த ரத்தத்தையும் மாலை நான்கு மணிக்குக் கொடுத்த ரத்தத்தையும் ஒப்பிட்டு “ஏறிடுச்சு, இறங்கிடுச்சு” என்று சொல்வதில் அர்த்தமில்லை. அதே லேப், ஏறத்தாழ அதே காலை நேரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த முறை டி.எஸ்.எச்., ஃப்ரீ டி4 இரண்டோடு ஆன்டி டி.பி.ஓ. பரிசோதனையையும் சேர்த்துக் கேளுங்கள். முடி உதிர்வுக்காக பயோட்டின் மாத்திரை சாப்பிடுகிறவர்கள் குறைந்தது இரண்டு நாள் முன்பே நிறுத்திவிட வேண்டும். பல லேப்களின் சோதனை முறையில் அது டி.எஸ்.எச். அளவை உண்மையைவிடக் குறைத்துக் காட்டிவிடும். லித்தியம், அமியோடரோன் எடுப்பவர்கள் அதை டாக்டரிடம் சொல்லாமல் விடக் கூடாது. இரண்டுமே தைராய்டைப் பாதிக்கும்.

கர்ப்பமாக இருப்பவர்கள், குழந்தைக்கு முயற்சி செய்பவர்கள், குழந்தைப்பேறு சிகிச்சையில் இருப்பவர்கள் மட்டும் இப்படிக் காத்திருக்கக் கூடாது. முதல் ரிப்போர்ட்டோடு நேரே டாக்டரிடம் போங்கள்.

பிறகு, நீங்கள் எந்த இடத்தில் நிற்கிறீர்கள் என்று பாருங்கள்

இரண்டு முறையும் டி.எஸ்.எச். 10-ஐத் தாண்டியிருந்தால் பெரும்பாலான டாக்டர்கள் மாத்திரை தொடங்கச் சொல்வார்கள். அது முழுக் குறைபாடாக மாறும் வாய்ப்பும் இதயத்துக்கு வரும் பாதிப்பும் அந்த அளவுக்கு மேல்தான் கவலைப்படும்படி கூடுகின்றன. நம்மில் பெரும்பாலோர் நிற்பது 4.5-க்கும் 10-க்கும் நடுவில்.

அங்கே முதல் கேள்வி வயது. வயது ஏற ஏற டி.எஸ்.எச். இயல்பாகவே சற்று உயரும். எழுபது எண்பது வயதுத் தாத்தா பாட்டிக்கு 6 அல்லது 7 என்று வந்தால் அதை நோயாகப் பார்க்க வேண்டியதில்லை. 65 வயதைத் தாண்டிய 737 பேரை வைத்து ஐரோப்பாவில் நடந்து 2017-இல் வெளியான ‘டிரஸ்ட்’ ஆய்வில், பாதிப் பேருக்கு லெவோதைராக்ஸின் மாத்திரையும் மீதிப் பேருக்கு மருந்தில்லாத வெற்று மாத்திரையும் கொடுத்தார்கள். ஒரு வருடம் கழித்துப் பார்த்தால், மாத்திரை எடுத்தவர்களின் டி.எஸ்.எச். இறங்கியிருந்தது, சோர்வு இறங்கவில்லை. அதில் இரு தரப்புக்கும் வித்தியாசமே இல்லை.

இரண்டாவது கேள்வி ஆன்டி டி.பி.ஓ. அது பாசிட்டிவ் என்றால், உடம்பின் எதிர்ப்பு சக்தியே தைராய்டைத் தாக்குகிறது என்று பொருள். இங்கிலாந்தின் விக்கம் பகுதி மக்களை இருபது ஆண்டுகள் தொடர்ந்து கவனித்ததில், டி.எஸ்.எச். உயர்வும் ஆன்டிபாடியும் சேர்ந்து இருந்த பெண்களில் ஆண்டுக்கு ஏறத்தாழ 4 சதவீதம் பேருக்கு முழுக் குறைபாடு வந்தது. டி.எஸ்.எச். மட்டும் உயர்ந்திருந்தவர்களில் அது இரண்டரை சதவீதம் அளவில் இருந்தது. ஆக, பாசிட்டிவ் என்பதற்காக உடனே மாத்திரை போட வேண்டியதில்லை. வருடா வருடம் பார்க்க மறக்கக் கூடாது.

மூன்றாவது, அறிகுறிகள். இங்கேதான் நிறையப் பேர் தடுமாறுகிறார்கள். சோர்வு, மலச்சிக்கல், முடி உதிர்வு, எடை கூடுதல் எல்லாம் தைராய்டுக்கு மட்டும் சொந்தமானவை அல்ல. மாதவிடாயில் ரத்தப்போக்கு அதிகமுள்ள நாற்பது வயதுப் பெண்ணின் சோர்வுக்கு இரும்புச்சத்துக் குறைவு காரணமாக இருக்கலாம். குறட்டை விடுகிறவருக்கு இரவில் சரியான தூக்கமே இல்லாமல் இருக்கலாம். ஹீமோகுளோபின், ஃபெரிட்டின், பி12, சர்க்கரை இவற்றைப் பார்க்காமல் பழியைத் தைராய்டின் மேல் போட்டால் உண்மையான நோய் சிகிச்சையின்றி நீடிக்கும். எனக்கு இதில் உள்ள பெரிய வருத்தமே அதுதான்.

மாத்திரையைச் சோதித்துப் பார்ப்பதென்றால்

நிபுணர்களிடம் இதில் ஒரே கருத்து இல்லை. 2019-இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் வந்த பரிந்துரை, லேசான குறைபாடுள்ள பெரியவர்களுக்கு மாத்திரை வேண்டாம் என்று உறுதியாகச் சொன்னது. கர்ப்பத்துக்கு முயல்பவர்கள், டி.எஸ்.எச். 20-க்கு மேல் உள்ளவர்கள், கடுமையான அறிகுறி உள்ளவர்கள், இளவயதினர் ஆகியோருக்கு அது பொருந்தாது. அதே ஆண்டு பிரிட்டனின் நைஸ் அமைப்பு, 65 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு அறிகுறி இருந்தால் ஆறு மாதம் கொடுத்துப் பார்க்கலாம் என்றது. உண்மையாகவே சிரமப்படுகிற, வேறு காரணம் எதுவும் கிடைக்காத, 65-க்குக் கீழே உள்ளவருக்கு இந்த ஆறு மாத வழிதான் நியாயமானது என்பது என் எண்ணம். ஆனால் முடிவுத் தேதி இருந்தால்தான் அதைச் சோதனை என்று சொல்ல முடியும்.

தொடங்கும் முன் உங்களை அதிகம் வாட்டும் மூன்று தொந்தரவுகளை ஒரு தாளில் எழுதி, ஒவ்வொன்றுக்கும் பத்துக்கு இத்தனை என்று மதிப்பெண் போடுங்கள். டி.எஸ்.எச். சரியான அளவுக்கு வந்து மூன்று நான்கு மாதம் ஆனதும், பழைய தாளைப் பார்க்காமல் மறுபடி மதிப்பெண் போட்டு ஒப்பிடுங்கள். மாற்றம் இல்லையென்றால் “நிறுத்திப் பார்க்கலாமா டாக்டர்?” என்று நீங்களே கேளுங்கள். நிறுத்தி ஆறு முதல் எட்டு வாரத்தில் ஒரு ரத்தப் பரிசோதனை எடுக்க வேண்டும். எடை குறையும் என்ற நம்பிக்கையோடு மட்டும் தொடங்காதீர்கள். லேசான குறைபாட்டில் அந்த ஆசை பெரும்பாலும் நிறைவேறாது.

எப்படிச் சாப்பிடுவது

வழக்கமாக 25 அல்லது 50 மைக்ரோகிராமில் தொடங்குவார்கள். முதியவர்களுக்கும் இதய நோயாளிகளுக்கும் 25 அல்லது அதற்கும் குறைவு. வெறும் வயிற்றில், வெறும் தண்ணீரில் விழுங்க வேண்டும். நம் வீடுகளில் இதற்கு இடைஞ்சல் காபிதான். எழுந்து பல் விளக்கியதும் மாத்திரை, கையோடு டிகாஷன் காபி என்றால் மருந்தில் ஒரு பகுதி உடம்பில் சேராமலே போய்விடும். நடுவில் அரை மணி நேரமாவது வேண்டும். ஒரு மணி நேரம் நல்லது. காபிக்குக் காத்திருக்க முடியாதவர்கள் டாக்டரிடம் கேட்டு, இரவுச் சாப்பாடு முடிந்து மூன்று மணி நேரம் கழித்துப் படுக்கும்போது எடுக்கலாம். எந்த நேரமானாலும் தினமும் ஒரே நேரம் என்பது முக்கியம்.

இரும்புச்சத்து, கால்சியம் மாத்திரைகளுக்கும் இதற்கும் நான்கு மணி நேர இடைவெளி வேண்டும். கர்ப்பிணிகள் இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும். ஆரம்ப சுகாதார நிலையத்தில் கொடுக்கும் இரும்பு மாத்திரையையும் கால்சியத்தையும் தைராய்டு மாத்திரையோடு சேர்த்து ஒரே மடக்கில் விழுங்கினால், தைராய்டு மருந்து சரியாகச் சேராது. முதல் மூன்று மாதங்களில் கருவுக்குத் தேவையான தைராய்டு ஹார்மோன் தாயிடமிருந்துதான் போக வேண்டும். ஏற்கெனவே மாத்திரை எடுக்கிற பெண்கள், கர்ப்பம் உறுதியான அன்றே அளவை எவ்வளவு கூட்டுவது என்று டாக்டரிடம் முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்ளுங்கள். வாரத்துக்கு இரண்டு மாத்திரை கூடுதல் என்பதே வழக்கமான அறிவுரை.

இந்த மருந்து உடம்பில் பாதியாகக் குறையவே ஒரு வாரம் ஆகும். அதனால் ஒரு நாள் மறந்துவிட்டால் பதற வேண்டாம். அளவை மாற்றினாலும், கம்பெனியை மாற்றினாலும் ஆறு முதல் எட்டு வாரம் கழித்துத்தான் ரத்தம் பார்க்க வேண்டும். அதற்கு முன் பார்த்தால் எண் ஏமாற்றும். பரிசோதனை அன்று ரத்தம் கொடுத்த பிறகு மாத்திரை போடுங்கள். பாட்டிலை அடுப்பு மேடைக்குப் பக்கத்தில் வைக்காதீர்கள். வெப்பமும் ஈரமும் இந்த மருந்துக்கு ஆகாது.

சோர்வாக இருக்கிறதென்று நீங்களாக ஒன்றுக்கு இரண்டாகப் போட வேண்டாம். டி.எஸ்.எச். வரம்புக்குக் கீழே போனால் படபடப்பு, கை நடுக்கம், தூக்கமின்மை வரும். வயதானவர்களுக்கு இதயத் துடிப்பு தாறுமாறாகலாம். மாதவிடாய் நின்ற பெண்களுக்கு எலும்பு தேயும்.

சாப்பாட்டைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. சமையலில் அயோடின் உப்பு போதும். தனியாக அயோடின் மாத்திரையோ கடல்பாசிப் பொடியோ எடுத்தால் தைராய்டு இன்னும் கெடலாம். வேகவைத்த முட்டைக்கோஸ், காலிஃபிளவரை வழக்கமான அளவில் தாராளமாகச் சாப்பிடலாம்.

மாத்திரை வேண்டாம் என்று முடிவானவர்கள், ஆன்டிபாடியோ தொந்தரவோ இருந்தால் வருடம் ஒருமுறை பரிசோதனை எடுங்கள். இரண்டும் இல்லாதவர்களுக்கு இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை போதும். ரிப்போர்ட்டுகளைத் தேதி வாரியாக ஒரே ஃபைலில் வைத்து, ஒவ்வொரு முறையும் முழு ஃபைலையும் டாக்டரிடம் கொண்டு போங்கள். 5.8, 6.1, 5.9 என்று மூன்று வருடமாக அசையாமல் நிற்கும் எண்ணும், 5.8, 7.4, 9.2 என்று ஏறிக்கொண்டே போகும் எண்ணும் அப்போதுதான் அவர் கண்ணில் படும்.