நிலமும் நூலும்

அமெரிக்க ஐக்கிய நாடுகளின் நடுப்பகுதியில் நெப்ராஸ்கா என்றொரு மாநிலம் உண்டு. அங்குக் கடல் இல்லை. வானளாவும் மலை இல்லை. ஆற்றங்கரைகளை நீக்கினால் பண்டு மரமும் அரிதாகவே இருந்தது. கண்ணுக்கு எட்டிய தொலைவும் புல்லே. 1883ஆம் ஆண்டில் ஏப்பிரல் திங்களில் ஒருநாள், ஒன்பது வயதுச் சிறுமி ஒருத்தி, வைக்கோல் பரப்பிய வண்டியின் அடிப்பலகையில் அமர்ந்து, பக்கப் பலகையை இறுகப் பற்றிக்கொண்டு அப்புல்வெளி வழியே சென்றாள். வர்ஜீனியா மாநிலத்தின் குன்றுகளுக்கும் நிழல்மரங்களுக்கும் இடையே பிறந்து வளர்ந்தவள் அவள். இரும்புத் தகடு போல் வெறுமையாய்க் கிடந்த அந்நிலம் அவளை அச்சுறுத்தியது. புதுநாட்டிற்குச் செல்வோர் மனவுறுதியோடு இருத்தல் வேண்டும் எனத் தந்தை கூறியிருந்தமையால் அவள் அழாமல் அடக்கிக்கொண்டாள். ஆனால், இடையிடையே வானம்பாடி ஒன்று புல்லினின்று எழுந்து, சில இசை எழுப்பி, மீண்டும் புல்லுள் மறைந்தது. அவ்வொலி கேட்கும்போதெல்லாம் அவள் உறுதி குலையும் நிலையில் இருந்தது. இதனை அவளே வளர்ந்த பின் ஒரு செய்தியாளரிடம் கூறினாள். அச்சிறுமியே பின்னாளில் அமெரிக்கப் புதின ஆசிரியருள் சிறந்தவராக மதிக்கப்பெற்ற வில்லா கேதர் அம்மையார்.

அப்புல்வெளியில் மக்கள் குடியேறிய வரலாற்றைச் சிறிது அறிதல் நலம். 1862ஆம் ஆண்டில் அந்நாட்டு அரசு ஒரு சட்டம் இயற்றியது. ஐந்தாண்டுகள் நிலத்திலேயே தங்கிப் பயிரிடும் குடும்பத்திற்கு 160 ஏக்கர் நிலம் உரிமையாகும் என்பது அதன் சாரம். புகைவண்டிப் பாதைகளும் மேற்கு நோக்கி நீண்டன. சுவீடன், நார்வே, டென்மார்க், ஜெர்மனி, பொகீமியா முதலிய நாடுகளிலிருந்து ஏழை எளியோர் திரள்திரளாக வந்தனர். மரம் இன்மையால், புல்லை வேரும் மண்ணுமாகப் பெயர்த்துச் செங்கல் போல் அடுக்கி வீடு கட்டினர். மழைக்காலத்தில் கூரை ஒழுகும், பாம்பும் புகும். அந்நிலம் ஆளற்றுக் கிடந்தது எனவும் எண்ணிவிடலாகாது. பானி என்னும் தொல்குடியினர் நெடுங்காலம் அங்கு வாழ்ந்து, 1870களில் தெற்கே அனுப்பப்பெற்றனர். குடியேறியோர் துன்பத்தை உருகி எழுதிய அம்மையார், இவர்கள் துன்பத்தைப் பற்றி மிகுதியாக எழுதவில்லை. இஃது ஒரு குறையே என்பது என் கருத்து.

சிறுமி வில்லாவின் அச்சத்தைப் போக்கியவர்கள் அயல்நாட்டு மூதாட்டிகள். அவள் ஒரு சிறு குதிரை மீதேறி வீடுவீடாகச் செல்வாள். அவர்களுக்கு ஆங்கிலம் சரிவர வாராது. எனினும், வெண்ணெய் கடையும்போதும் ரொட்டி சுடும்போதும் தம் தாய்நாட்டுக் கதைகளை அரைகுறைச் சொற்களால் கூறுவர். சொல் குறையுமிடத்தைக் கையும் முகமும் நிறைவு செய்யும். அம்முகங்களுக்குப் பின்னே மறைந்து கிடக்கும் வாழ்வினை உய்த்துணரும் பயிற்சி, எழுத்தாளர்க்கு வேண்டுவனவற்றுள் தலையாயது. அதனை ஒன்பது வயதிலேயே அவள் பெற்றாள்.

ஒன்றரை ஆண்டுக்குப் பின் குடும்பம் ரெட் கிளவுட் என்னும் சிற்றூரில் தங்கியது. செம்முகில் என்பது அப்பெயரின் பொருள். தொல்குடித் தலைவர் ஒருவரின் பெயர் அது. சிறு வீடு, உடன்பிறந்தோர் பலர். மோட்டடியில் வில்லாவுக்கென ஒரு சிற்றறை கிடைத்தது. மருந்துக்கடை ஒன்றில் வேலை செய்து, கூலிக்கு ஈடாக ரோசாப்பூ அச்சிட்ட சுவர்த்தாள் பெற்று, அவ்வறைச் சுவர்களில் தானே ஒட்டினாள். அந்த அறை பிற்காலத்தில் அவர் எழுதிய புதினம் ஒன்றில் அப்படியே இடம்பெற்றது.

ஆயினும், ஊரைவிட்டுப் போகவேண்டும் என்பதே அக்காலத்தில் அவர் வேட்கை. 1895இல் பட்டம் பெற்று, அடுத்த ஆண்டில் பிட்ஸ்பர்க் நகரம் சென்றார். இதழாசிரியராகவும் பள்ளி ஆசிரியராகவும் பணியாற்றினார். 1906இல் நியூயார்க்கில் பெயர்பெற்ற இதழ் ஒன்றின் ஆசிரியர் குழுவில் சேர்ந்தார். தம் ஊரைப் பற்றி எழுதியபோதெல்லாம் கசப்புடனேயே எழுதினார். 1904இல் வெளிவந்த சிறுகதை ஒன்றில், நெப்ராஸ்காவில் முப்பதாண்டு உழைத்து உருக்குலைந்த மூதாட்டி ஒருத்தி, பாஸ்டன் நகரில் ஓர் இசை நிகழ்ச்சியைக் கேட்டுத் தன் ஊருக்குத் திரும்ப மனமின்றிக் கதறுகிறாள். அதனைப் படித்த ஊரார் சினந்தனர், உறவினரும் வருந்தினர். அம்மையாரின் முதற் புதினத்தில் நெப்ராஸ்காவே களம் ஆகவில்லை. பாஸ்டனும் லண்டனுமே களங்கள். பிறந்தும் வளர்ந்தும் அறிந்த நிலம் இலக்கியத்திற்குத் தகுதியற்றது என்னும் மயக்கம் அவரையும் பற்றியிருந்தது.

அம்மயக்கத்தைத் தெளிவித்தவர், அந்நாட்டின் வடகிழக்கு மூலையில், மேய்ன் மாநிலத்தில் பிறந்த சாரா ஓர்ன் ஜூவட் அம்மையார். 1849இல் சவுத் பெர்விக் என்னும் ஊரில் பிறந்தவர். தந்தை மருத்துவர். நோயாளிகளைக் காண அவர் வண்டியில் செல்லும்போது மகளையும் உடன் அழைத்துச் செல்வார். பண்ணை வீடுகளின் சமையலறைகளும் மீனவர் குடில்களுமே அவருக்குப் பள்ளியாயின. அந்நிலம் அப்போது இறங்குமுகத்தில் இருந்தது. உலகெங்கும் கப்பல் செலுத்தி வாணிகம் செய்த கரை அது. 1807ஆம் ஆண்டின் வாணிகத் தடைச் சட்டம் அதற்கு முதல் அடி கொடுத்தது. பின்னர் நீராவிக் கப்பலும் புகைவண்டியும் வந்தன. இளைஞர் நகரங்களுக்கும் மேற்குப் புல்வெளிக்கும் சென்றனர். துறைமுகங்களில் எஞ்சியோர் பெரும்பாலும் முதியவர்களே.

கோடையில் வந்து தங்கும் நகரத்தார் அம்முதியோரை எள்ளி நகையாடாமல் புரிந்துகொள்ள வேண்டும் என்னும் நோக்கத்துடன் எழுதத் தொடங்கினார் ஜூவட். 1896இல் வெளிவந்த அவருடைய சிறந்த நூல், ஊசியிலை மரங்கள் சூழ்ந்த ஒரு கற்பனைக் கடற்கரையூரைப் பற்றியது. அதில் பெரிய நிகழ்ச்சி ஒன்றுமில்லை. மூலிகை பறித்து மருந்து வடிக்கும் கைம்பெண் ஒருத்தி. கடலோடிய பழங்கதையைச் சொல்லும் கப்பல் தலைவர். மனைவியை இழந்த ஒரு கிழ மீனவர். இம்மீனவர் வெளியாரிடம் வாய் திறவாதவர். மனைவி இருந்தபோது வீடு எவ்வாறு இருந்ததோ அவ்வாறே வைத்துக்கொண்டு, ஓய்ந்த வேளையில் கம்பளிக் காலுறை பின்னிக்கொண்டிருக்கிறார். ஆண்டுகள் பல ஆகியும் அவள் நினைவு குறையவில்லை என்று அவர் கூறுமிடத்தில் ஆசிரியர் ஒரு சொல்லும் மிகையாகச் சேர்க்கவில்லை. நகரத் திறனாய்வாளர் இத்தகைய நூல்களை வட்டாரச் சித்திரங்கள் என ஒதுக்கியதுண்டு. நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்று வகுத்த இலக்கண மரபில் பயின்ற எனக்கு அவ்விகழ்ச்சி வியப்பையே தருகிறது.

1908இல் பாஸ்டன் நகரில் ஒரு நண்பர் இல்லத்தில் இவ்விருவரும் சந்தித்தனர். ஜூவட்டுக்கு அப்போது அகவை 58. ஆறாண்டுகளுக்கு முன் வண்டியிலிருந்து விழுந்து அடிபட்டவர். அதன்பின் புதினம் எழுத இயலவில்லை. தாம் இழந்த ஆற்றல் இளையவர் ஒருவரிடம் அலுவலக வேலையில் வீணாவதைக் கண்டார் போலும். அவ்வாண்டு டிசம்பரில் கேதருக்கு நீண்ட மடல் ஒன்று வரைந்தார். இதழ்ப்பணி உம் ஆற்றலை உறிஞ்சுகிறது. நெப்ராஸ்காவும் வர்ஜீனியாவும் உமக்குத் தந்த செல்வத்தை அமைதியான ஓரிடத்திலிருந்து எழுதுக என்பது அம்மடலின் கருத்து. உலகத்தை நன்கு அறிந்த பின்னரே ஒருவர் தம் சிற்றூரை அறிய இயலும் என்றும் ஒருமுறை கேதரிடம் கூறினார். அடுத்த ஆண்டில், தம் பிறந்த ஊரிலேயே ஜூவட் காலமானார்.

அறிவுரை உடனே பயன்தரவில்லை. வேலையை விட்டு விலகச் சில ஆண்டுகள் ஆயின. 1913இல் வெளிவந்த இரண்டாம் புதினத்தில்தான் நெப்ராஸ்கா மண்ணும், வறட்சிக்கு அஞ்சிப் பிறர் ஓடியபோது நிலத்தை விடாது பற்றிய சுவீடியப் பெண் ஒருத்தியும் இடம்பெற்றனர். நூலை ஜூவட்டின் நினைவிற்கே உரிமையாக்கினார். நெப்ராஸ்காவைப் பற்றி யார் எழுதினாலும் தமக்கு அக்கறையில்லை என நியூயார்க் திறனாய்வாளர் ஒருவர் சொன்னதை அம்மையார் பின்னாளில் நினைவுகூர்ந்து எழுதினார்.

1918இல் வந்தது ‘என் ஆன்டோனியா’. நெப்ராஸ்காவுக்கு வந்தவுடன் சிறுமி வில்லா கேட்ட முதற் கதைகளுள் ஒன்று, பொகீமியாவிலிருந்து குடியேறிய ஒருவர் தாய்நாட்டு ஏக்கமும் வறுமையும் தாளாது பனிக்காலத்தில் தம் உயிரை மாய்த்துக்கொண்ட செய்தி. அவருடைய மகளை ரெட் கிளவுட்டில் வீட்டு வேலை செய்யும் பெண்ணாக அம்மையார் நன்கு அறிந்திருந்தார். முப்பதாண்டுக்கு மேல் நெஞ்சில் கிடந்த அக்கதை இந்நூலாயிற்று. தற்கொலை செய்தவர்க்குக் கல்லறைத் தோட்டத்தில் இடம் மறுக்கப்படுகிறது. ஆகவே, நிலத்தின் மூலையில், பிற்காலத்தில் சாலைகள் கூடவிருக்கும் இடத்தில், புதைக்கின்றனர். ஆண்டுகள் கழிகின்றன. சாலைகள் வருகின்றன. ஆனால், அவை கல்லறையின் மேல் செல்லாமல் சற்றே வளைந்து செல்கின்றன. எங்கும் உழுது பயிரிட்ட பின்னும், அச்சிறு திட்டில் மட்டும் பழைய செந்நிறப் புல் உயர்ந்து நிற்கிறது. நூலின் இப்பகுதியை மெல்லப் படித்தல் வேண்டும்.

தென்பகுதியில் மிசிசிப்பி மாநிலத்து வில்லியம் ஃபாக்னருக்கும் இதை ஒத்த அறிவுரையை ஷெர்வுட் ஆண்டர்சன் என்னும் மூத்த எழுத்தாளர் வழங்கினார். ஃபாக்னர் தம் ஆக்ஸ்ஃபோர்டு ஊரைச் சுற்றி ஒரு கற்பனை மாவட்டத்தையே படைத்து, 1949ஆம் ஆண்டுக்குரிய நோபெல் பரிசு பெற்றார். அவர் வரலாறு தனியே ஒரு பாடமாதற்கு உரியது.

நெப்ராஸ்காவை எழுதிய கேதர் அம்மையார் அங்குத் திரும்பி நிலையாகத் தங்கவில்லை. அவ்வப்போது ரெட் கிளவுட் சென்று, பழகியோரைக் கண்டு மீள்வார். ‘என் ஆன்டோனியா’வின் ஒரு பகுதியைக் கிழக்கே நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தில், ஒரு புற்றரையில் இட்ட கூடாரத்தில் அமர்ந்து எழுதினார். 1947இல் அவர் மறைந்தபோது அந்த ஊரிலேயே அடக்கம் செய்தனர். ரெட் கிளவுட்டில் அவர் வளர்ந்த வீடு நினைவிடமாகப் பாதுகாக்கப்பட்டு வருகிறது. ஊரின் தெற்கே, கலப்பை படாத புல்வெளி 600 ஏக்கருக்கு மேல் அவர் பெயரால் காக்கப்படுகிறது.